மாரத்தஹள்ளியில் இடைவேளை

காலையில் சிவாஜிநகர் பஸ் ஸ்டாண்டில் ஜன்னலோர சீட் கிடைத்ததும் செல்போனில் படத்தைப் போட்டேன். மாரத்தஹள்ளி வந்தபோது இடைவேளை விட்டுவிட்டார்கள். தூரம் என்னவோ பன்னிரண்டு, பதின்மூன்று கிலோமீட்டர்தான். கதாநாயகனுக்குக் காதல் வந்து, கல்யாணம் நின்று, தம்பி ஜெயிலுக்கும் போயாயிற்று. அத்தனை நடந்தபோதும் நாங்கள் வழியில் முருகேஷ்பாளையாவைத் தாண்டியிருக்கவில்லை.

போக்குவரத்து நெரிசலை அளக்கும் டாம்டாம் நிறுவனத்தின் 2024 கணக்குப்படி பெங்களூரில் 10 கிலோமீட்டர் போக 34 நிமிடம் ஆகிறதாம். சராசரியாம்! சாயங்காலம் ஆறரைக்கு தொம்மலூர் பாலத்தடியில் நின்று பார்த்துவிட்டு அந்தச் சராசரியைச் சொல்லட்டும்.

சரி, அந்த முதல் பாதியையாவது உருப்படியாகப் பார்த்தேனா? பக்கத்து சீட் அக்கா இயர்போன் போடாமல் சீரியல் பார்க்கிறார். அதில் மாமியார் கையை ஓங்கியபோது பஸ் அல்சூர் ஏரிக்கரையில் நின்றது. அறை விழுந்து, மூன்று தரம் திருப்பிக் காட்டி, விளம்பரமும் முடிந்தது. பஸ் அங்கேயேதான் நிற்கிறது. பின்சீட்டுப் பையன் ரீல்ஸில் ஒரே பாட்டின் நாலு வரியை நாற்பது தடவை போடுகிறான். கண்டக்டர் "முந்தே ஹோகி, முந்தே ஹோகி" என்கிறார். பஸ்ஸே முன்னே போகவில்லை, நாங்கள் எங்கே போவது?

சின்ன வயசில் அப்பா ஆறு மணிக்கெல்லாம் வீட்டில் இருப்பார். குளித்துவிட்டு, ரசல் மார்க்கெட் பக்கம் கடலைப் பொட்டலம் வாங்கிக்கொண்டு, குடும்பத்தோடு லாவண்யா தியேட்டருக்கு நடந்தே போவோம். இப்போது நான் செருப்பைக் கழற்றும்போதே மணி ஒன்பதரை. செகண்ட் ஷோவுக்குப் போகலாமே என்பார்கள். மறுநாள் ஏழு மணி பஸ்ஸில் யார் ஏறுவது?

மெட்ரோவை நம்பிக்கொண்டிருந்தேன். 2021 செப்டம்பரில் ஊர்ஜா என்ற சுரங்க இயந்திரம் கன்டோன்மென்டிலிருந்து பூமியைக் குடைந்து வந்து சிவாஜிநகரில் தலை நீட்டியபோது கைதட்டியவர்களில் நானும் ஒருவன். 2025ம் முடிந்தது. ரயில் தலை நீட்டவில்லை.

ராத்திரி சாப்பிடும்போது மனைவியிடம் சொன்னேன்: "பாதிப் படம் பார்த்துட்டேன். மீதியை ஞாயித்துக்கிழமை சேர்ந்து பார்க்கலாமா?"

"எது, அந்த ஜெயிலுக்குப் போற தம்பி படமா? எனக்கு நேத்தே ஹெப்பாள் சிக்னல்ல முடிஞ்சிடுச்சுங்க. கடைசில அவன்தான் கொலைகாரன்."