ஊர்க்கட்டுப்பாடும் சர்வாதிகாரம்தான்

குற்றாலத்தில் சீசன் களைகட்டியிருந்த நாளில், தென்காசியில் ஒரு தேநீர்க் கடையில் மூத்த தோழர் ஒருவரோடு வாதம் முற்றியது. கம்யூனிச நாடுகளில் சர்வாதிகாரம் நடந்தது என்பதே முதலாளித்துவப் பொய்ப் பிரச்சாரம் என்றார் அவர். எனக்கு அதில் உடன்பாடில்லை.

சோவியத் ஒன்றியத்தில் 1932 இறுதியில் உள்நாட்டுக் கடவுச்சீட்டு முறை வந்தது. அது இல்லாமல் நகரத்தில் குடியேற முடியாது. ஆனால் கூட்டுப்பண்ணை விவசாயிகளில் பெரும்பாலோருக்கு அது தரப்படவில்லை. அவர்களுக்கும் உண்டு என்ற ஆணை 1974இல்தான் வந்தது. உழைப்பவரின் பெயரால் ஆண்ட அரசு, உழவரைப் பண்ணையோடு கட்டிப்போட்டிருந்தது. கிழக்கு ஜெர்மனியின் ஸ்டாசி உளவுத்துறையில் 1989இல் சுமார் 91,000 முழுநேர ஊழியர்கள் இருந்தார்கள். அண்டை வீட்டாரும் உடன் வேலை பார்ப்பவரும்கூட வேவு சொன்னார்கள். இதையெல்லாம் மூடி மறைத்துவிட்டு நாம் சமத்துவம் பேச முடியாது.

பக்கத்து பெஞ்சில் இருந்தவருக்கு ஏக மகிழ்ச்சி. "நல்லவேளை, நம்ம நாட்டுல ஜனநாயகம்" என்றார். "பாஞ்சாகுளத்திலுமா, அண்ணாச்சி?" என்று கேட்டேன்.

அதுவும் இதே தென்காசி மாவட்டம்தான், சங்கரன்கோவில் பக்கம். 2022 செப்டம்பரில், தின்பண்டம் வாங்க வந்த தலித் பிள்ளைகளிடம், ஊரில் கட்டுப்பாடு போட்டிருப்பதால் உங்கள் தெருவுக்கு எதுவும் தரமாட்டோம் என்று சொல்லித் திருப்பி அனுப்பினார் கடைக்காரர். அந்தக் காணொளி பரவிய பிறகே கடைக்குச் சீல் வைத்தார்கள். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் வழக்குப் பாய்ந்தது.

அந்தக் கட்டுப்பாட்டுக்கு அரசாணை கிடையாது, கட்சி கிடையாது, சம்பளம் வாங்கும் உளவாளியும் கிடையாது. எந்தத் தெருப் பிள்ளை என்பது ஊருக்கே தெரியும். அது போதும்.

1956 நவம்பரில் காத்மாண்டுவில் பேசிய அண்ணல் அம்பேத்கர், சுரண்டல் ஒழிய வேண்டும் என்ற மார்க்சின் இலக்கை ஏற்றார். வன்முறையையும் சர்வாதிகாரத்தையும் அதற்கான வழியாக ஏற்க மறுத்தார். சாதி ஒழிப்பு பேசும் நமக்கு அந்த அளவுகோல் போதும். மாஸ்கோவுக்கு ஒன்று, சங்கரன்கோவிலுக்கு ஒன்று என்று இரண்டு அளவுகோல் வேண்டாம்.

"முடியாது" என்று சொன்னவருக்கு மறுநாள் கடையில் சாமான் கிடைக்குமா, வேலை கிடைக்குமா? ஆட்சியின் பெயர் எதுவானாலும் நான் கேட்பது இதைத்தான். நம் மாவட்ட நிர்வாகமும் அதையே கேட்கட்டும். அடுத்த காணொளி வரும்வரை காத்திருக்க வேண்டாம்.