ஒதுக்கி வச்ச பட்டியல்

சார்ல்ஸ் மெஸ்ஸியர் பற்றி எங்கே படிச்சாலும் ஒரே கதையைத்தான் சொல்வாங்க. மனுஷன் பாரிஸ்ல உட்கார்ந்து வால்நட்சத்திரம் தேடிக்கிட்டு இருந்தார். நடுவுல வால்நட்சத்திரம் மாதிரியே மங்கலா சில திட்டுகள் வந்து தொல்லை கொடுத்துச்சு. "இதைப் பார்த்து ஏமாறாதீங்க"ன்னு ஒரு பட்டியல் போட்டார். கடைசில அவர் கண்டுபிடிச்ச வால்நட்சத்திரங்களை யாருக்கும் ஞாபகம் இல்ல, அந்தத் தொல்லைப் பட்டியல்தான் நின்னுது. அதிர்ஷ்டக்காரர்! அப்படின்னு ஒரு சிரிப்போட முடிச்சிருவாங்க.

எனக்கு இந்தச் சிரிப்பு மேல ரொம்ப நாளா கோபம். இதுல அதிர்ஷ்டம் எங்கே வந்துச்சுங்க? தனக்குத் தேவையில்லாத ஒண்ணை எத்தனை பேர் இவ்வளவு ஒழுங்கா எழுதி வைப்பாங்க?

முதல்ல நடந்ததைப் பார்த்துடலாம். 1758-ல் ஒரு வால்நட்சத்திரத்தைப் பின்தொடர்ந்துக்கிட்டு இருக்கும்போது ரிஷப ராசிப் பக்கம் ஒரு திட்டு அவர் கண்ணுல படுது. வால்நட்சத்திரம்னா ராத்திரிக்கு ராத்திரி இடம் மாறணும். இது அசையவே இல்ல. அதுதான் பட்டியல்ல முதல் எண், எம்1, நண்டு நெபுலா. 1774-ல் வந்த முதல் பட்டியல்ல 45 பொருட்கள், 1780-ல் 68, 1781-ல் 103. பின்னாடி வந்தவங்க அவரும் அவரோட சகா பியேர் மெஷானும் எழுதி வச்ச குறிப்புகளை நோண்டி இன்னும் ஏழு சேர்த்ததுல இன்னிக்கு 110. இதுல 40 கேலக்ஸிகள். கேலக்ஸின்னு ஒண்ணு இருக்குன்னே அவருக்குத் தெரியாது. அந்தக் காலத்துல யாருக்குமே உறுதியாத் தெரியாது. ஆனா ஒவ்வொண்ணுக்கும் வானத்துல எந்த இடம், என்னிக்குப் பார்த்தது, எப்படித் தெரிஞ்சுதுன்னு எழுதி வச்சார். தள்ளுபடி பண்ணினதுக்கும் முகவரி போட்டு வச்சார், அவ்வளவுதான் விஷயம்.

அந்த முகவரியோட மதிப்பு தெரியணும்னா எம்91 கதையைப் பார்க்கணும். 1781 மார்ச் 18 ராத்திரி, கன்னி ராசிப் பக்கம் எம்84-ல இருந்து எம்91 வரைக்கும் வரிசையா குறிச்சு வச்சிருக்கார். பின்னாடி வந்தவங்க எம்91-ஐத் தேடிப் போனா அவர் சொன்ன இடத்துல ஒண்ணுமே இல்ல! வால்நட்சத்திரத்தைப் பார்த்துட்டு உளறிட்டார்னு கூடச் சந்தேகப்பட்டாங்க. 1969-ல் வில்லியம் வில்லியம்ஸ்னு டெக்ஸாஸ்ல ஒரு பொழுதுபோக்கு வானியலாளர் இதை அவிழ்த்தார். மெஸ்ஸியர் எம்89-ல இருந்து தூரத்தை அளந்திருக்கார். கணக்குப் போடும்போது எம்58-ல இருந்து அளந்ததா நினைச்சுக் கூட்டிட்டார். திரும்ப எம்89-ல இருந்து கூட்டிப் பார்த்தா கிட்டத்தட்ட எந்த வித்தியாசமும் இல்லாம என்ஜிசி 4548-ங்கிற கேலக்ஸி மேல போய் உட்காருது.

நம்ம தொழில்ல இருக்கறவங்களுக்கு இது உடனே புரியும். ஆஃப்செட் சரி, பேஸ் அட்ரஸ் தப்பு. 188 வருஷம் கழிச்சு ஒருத்தர் உட்கார்ந்து டீபக் பண்ண முடிஞ்சிருக்குன்னா, லாக் எவ்வளவு சுத்தமா இருந்திருக்கணும்! தப்பு இருந்தாலும் திருத்த முடியற மாதிரியான தப்பு.

எம்102 இன்னும் சுவாரசியம். அதை முதல்ல பார்த்துச் சொன்ன மெஷானே 1783-ல் ஒரு கடிதம் எழுதி, அது எம்101-ஐயே ரெண்டாவது தடவை குறிச்சதுதான்னு சொல்லிட்டார். இல்ல, அது என்ஜிசி 5866-ன்னு வாதாடுறவங்க இன்னிக்கும் இருக்காங்க. மேலே நான் 40-ன்னு சொன்னது இவங்க கணக்கு. இப்படிச் சண்டை போடக்கூட எழுதி வச்ச ஆதாரம் இருக்கு பாருங்க, அதைத்தான் சொல்றேன்.

இந்தக் குணம் மெஸ்ஸியரோட நிக்கல. அவர் பட்டியல்ல எம்87-னு ஒண்ணு. 1918-ல் ஹீபர் கர்ட்டிஸ் நூத்துக்கணக்கான நெபுலாக்களோட படங்களை ஒவ்வொண்ணாப் பார்த்துக் குறிப்பு எழுதிக்கிட்டு இருந்தார். எம்87 வந்ததும், மையத்துல இருந்து நேரா ஒரு கீற்று தெரியுதுங்கிற மாதிரி ஒரு குறிப்பு. விளக்கம் கிடையாது, அவருக்குத் தெரிய வழியும் கிடையாது. கருந்துளைக்குப் பக்கத்துல இருந்து கிட்டத்தட்ட ஒளி வேகத்துல பீய்ச்சி அடிக்கிற பொருள்தான் அந்தக் கீற்றுன்னு பிற்பாடுதான் புரிஞ்சுது. 2019 ஏப்ரல்ல உலகமே பார்த்த முதல் கருந்துளைப் படம் அதே எம்87-ஓட மையம்தான். 5.5 கோடி ஒளியாண்டு தூரம், 650 கோடி சூரியன்களோட நிறை.

ஹப்பிள் கதையும் அப்படியே. 1923 அக்டோபர்ல எம்31, அதாவது ஆண்ட்ரோமெடாவைப் படம் எடுத்த கண்ணாடித் தட்டுல ஒரு புள்ளியை நோவான்னு குறிச்சார். பழைய தட்டுகளோட ஒப்பிட்டப்போ அது நோவா இல்ல, ஒரு ஒழுங்குல பிரகாசம் கூடிக் குறையற செபீட் விண்மீன்னு தெரிஞ்சுது. முதல்ல எழுதினதை அழிக்கல. குறுக்கே ஒரு கோடு போட்டுட்டு, 'மாறுவது'ன்னு பொருள் வர்ற மூணு எழுத்தும் ஒரு ஆச்சரியக்குறியும் போட்டார். ஹென்ரியட்டா லெவிட் கண்டுபிடிச்சிருந்த விதியை வச்சு தூரம் கணக்குப் போட்டா சுமார் 9 லட்சம் ஒளியாண்டு. இன்னிக்குக் கணக்குக்கு அது 25 லட்சம். ஆனா அந்தக் குறைவான எண்ணே ஆண்ட்ரோமெடா நம்ம பால்வீதிக்கு வெளியே இருக்குன்னு நிரூபிக்கப் போதுமானதா இருந்துச்சு.

சரி, எதிர்க்கட்சி வாதத்தையும் வச்சிடுறேன். மெஸ்ஸியர் "இது என்ன?"ன்னு கேட்கவே இல்லையே, "இது வால்நட்சத்திரம் இல்ல"ன்னதோட நிறுத்திட்டாரே? உண்மைதான். அந்தக் கேள்வியைக் கேட்டது வில்லியம் ஹெர்ஷல். பெரிய கண்ணாடிகளை வச்சுத் துழாவி 2,500 பொருட்களுக்குப் பட்டியல் போட்டவர். அறிவியல் ஆர்வம்னு பார்த்தா ஹெர்ஷலுக்குத்தான் என் ஓட்டு. ஆனா ஹெர்ஷல் கையில மெஸ்ஸியர் பட்டியல் வந்து சேர்ந்தது 1781 டிசம்பர்ல. அவரோட நெபுலா வேட்டை சூடு பிடிச்சது அதுக்கு அப்புறம்தான். கேள்வி கேட்கிற ஆள் வர்றதுக்குள்ள பதிவு பண்ற ஆள் வந்து போயிருக்கணும்ங்க.

இதை ஏன் இவ்வளவு நீட்டி முழக்குறேன்னா, நம்ம ஊர்ல இதுக்கு நேர் எதிராத்தான் பிள்ளைகளைப் பழக்குறோம். பிசிக்ஸ் லேப்ல ஊசல் ஆட்டிப் பார்த்து 'ஜி' மதிப்பு 9.2 வந்தா என்ன நடக்கும்? ஏன் அப்படி வந்துச்சுன்னு யாராவது கேட்பாங்களா? ரீடிங்கை அட்ஜஸ்ட் பண்ணி 9.8 வர்ற மாதிரி எழுதுன்னு சீனியரே சொல்லித் தருவான். ரெக்கார்டு நோட்டு பளபளன்னு இருக்கும், மார்க் விழும். கயிறு நீளத்தைத் தப்பா அளந்தோமா, ஸ்டாப்வாட்ச்ல கோளாறான்னு கண்டுபிடிக்க இருந்த ஒரே தடயம் போச்சு. எம்91-ல 'ஒண்ணும் இல்லாத இடம்' வருதேன்னு யாராவது அந்த எண்ணைத் துடைச்சுப் போட்டிருந்தா, வில்லியம்ஸ் எதை வச்சு அவிழ்த்திருப்பார்? எதிர்பார்த்த விடை வரலன்னா வந்ததை அப்படியே எழுதற தைரியத்துக்கு மார்க் கொடுங்கய்யா. மத்ததெல்லாம் அப்புறம் வரும்.

எழுதறதோட நிக்காம நீங்களும் பாருங்க. நவம்பர், டிசம்பர் சாயங்காலம் இருட்டான கிராமத்துப் பக்கம் போனா எம்31-ஐ வெறுங்கண்ணாலேயே பார்க்கலாம். எம்83-ஐ மெஸ்ஸியர் பாரிஸ்ல அடிவானத்தை ஒட்டித் தடவித் தடவித்தான் பார்த்தார். நமக்கு மே மாசத்துல பாதி வானத்துக்கு மேலே ஏறி வருது. ஒரு சின்னத் தொலைநோக்கி போதும். கையில ஒரு நோட்டு எடுத்துட்டுப் போங்க. தேதி, நேரம், எப்படித் தெரிஞ்சுது, எல்லாம் எழுதுங்க. ஒண்ணுமே தெரியலன்னா "ஒண்ணுமே தெரியல"ன்னு எழுதுங்க. அதுவும் ரீடிங்தான்.

டிஸ்கி: இணையத்துல பார்த்த படம் மாதிரி கலர்கலரா சுருள் சுருளாத் தெரியும்னு நம்பிப் போயிட்டு என்னைத் திட்டாதீங்க. ஊதி விட்ட புகை மாதிரிதான் தெரியும். மெஸ்ஸியருக்கும் அப்படித்தான் தெரிஞ்சுது :-)