ஞால அரசியல் தமிழுக்கு எட்டாததா?

"பன்னாட்டுப் பாதுகாப்பு, நிலஞ்சார் அரசியல், வல்லரசுகளின் படைவலி ஆகியவற்றை ஆங்கிலத்தில்தான் ஆய முடியும், தமிழுக்கு அவ்வாற்றல் இல்லை" எனக் கற்றார் சிலர் கூறித் திரிகின்றனர். அயலார் கூறின் அறியாமை எனத் தள்ளலாம். தமிழ்ச்சோறு உண்டு வளர்ந்தோரே கூறுகின்றனரே!

இவர்களுக்கு விடையிறுக்கச் செட்டிநாட்டுப் பேரேடுகளே போதும். பருமா, இலங்கை, மலையா, சைகோன் எனக் கடல் கடந்து கொடுக்கல் வாங்கல் நடத்திய நகரத்தார் தம் கணக்கை எம்மொழியில் எழுதினர்? தமிழில் அன்றோ! கடையை நடத்தியவர் மேலாள். அவர்க்குத் துணை அடுத்தாள். கணக்கின் முடிவு ஐந்தொகை. பல நாட்டுப் பணத்தை அளந்த மொழிக்குப் பல நாட்டு அரசியலை அளக்க வலியில்லையாம்!

அவ்வணிகர் வாழ்ந்த இரங்கூனிலேயே 1937 முதல் 1942 வரை 'சோதி' இதழை நடத்தியவர் வெ. சாமிநாத சர்மா (1895–1978). இட்லர், முசோலினி ஆகியோர் வாழ்வையும், அபிசீனியா, செக்கோசுலோவாக்கியா, பாலத்தீனம் ஆகிய நாடுகளின் சிக்கலையும் அவர் தமிழில் நூல்களாக்கினார். அவர் நடையில் வடசொற் கலப்பு மிகுதி, அது குறையே. ஆயினும் 'முடியாது' என்று அவர் கைகட்டி நிற்கவில்லை. குறை அவர் எடுத்த சொல்லில் உண்டு, மொழியில் இல்லை.

ஞால அரசியல் ஏட்டுப் பொழுதுபோக்கன்று என்பதைச் செட்டிநாடு பட்டறிந்தது. 1930-இல் கீழைப் பருமாவின் நெல்விளை மாவட்டங்களில் நகரத்தார் கையிலிருந்த நிலம் ஏறத்தாழ 6 விழுக்காடு. நெல்விலை வீழ்ந்தது; கடன்பட்ட உழவர் நிலங்கள் கடனுக்கு ஈடாக வந்து சேர்ந்தன. 1938-இல் அது 25 விழுக்காடாயிற்று. உழவரின் சினம் மூண்டது. 1941 திசம்பரில் சப்பானியக் குண்டுகள் இரங்கூனில் வீழ்ந்தன. மலையும் காடும் கடந்து நடந்த பல்லாயிரவருள் சாமிநாத சர்மாவும் ஒருவர். 1948-இல் நிலவுடைமைச் சட்டமும், 1964-இல் கடைகளை அரசுடைமையாக்கிய ஆணையும் எஞ்சியதையும் கொண்டன. நூல் கற்றிருந்தால் நிலம் தப்பியிருக்கும் என்பதன்று. வருவதை அறிந்து ஆயத்தமாகவும், பிறர் நிலத்தில் தாம் செய்ததை எண்ணித் திருந்தவும் அறிவு வேண்டும். அவ்வறிவு மக்கள் மொழியில் இருந்தாலன்றி மக்களைச் சேராது.

பழங்கதை எனத் தள்ளுவோர் அண்மைக் கடலைப் பார்க்க! 1974-ஆம் ஆண்டு ஒப்பந்தத்தால் கச்சத்தீவு இலங்கைக்கு உரியதாயிற்று. அதனைப் பேராசிரியர் வி. சூரியநாராயண் ஆழ்ந்து ஆய்ந்தார். அந்நூல் ஆங்கிலத்தில் உளது. வலையிழந்து நிற்கும் இராமேசுவரத்து மீனவனின் மொழியோ தமிழ். தன் வாழ்வு எவ்வரியில் கைமாறியது என்பதை அறிய அவன் அயன்மொழியின் வாயிலில் காத்து நிற்பதா?

தமிழ்ப் பேராசிரியர்களே! ஞால அரசியல் ஆய்வேடுகளைத் தமிழில் எழுதச் செய்ம்மின். மாணவர்களே! சொல் இல்லையெனில் ஆக்குமின். பேரேடும் ஐந்தொகையும் ஆக்கிய மரபு நுமது. தன் நாட்டின் எல்லையைத் தன் மொழியில் படிக்க இயலாத இனம், அவ்வெல்லையை எங்ஙனம் காக்கும்?