வம்ச தண்டனை

ஒருவன் செய்த குற்றத்துக்கு அவனையே தண்டிக்க வேண்டும் என்பது நியாய சாஸ்திரத்தின் அரிச்சுவடி. யுத்த கால ஜெர்மனியில் அந்த அரிச்சுவடியைக் கிழித்தெறியச் சட்டமொன்று இயற்றும் சிரமங்கூட ஏற்படவில்லை. போலீஸ் அதிபதி ஹிம்லரின் வாய்ச்சொல்லே போதுமாயிருந்தது.

1944 ஜூலை 20-ந் தேதி ஹிட்லரைக் கொல்லக் குண்டு வைத்த கர்னல் ஸ்டாஃபன்பர்க் அன்றிரவே பெர்லினில் சுடப்பட்டார். ஆகஸ்டு 3-ந் தேதி ஹிம்லர் போஸன் நகரில் பேசுகையில், அந்தக் குடும்பம் கடைசி நபர் வரை அழிக்கப்படும் என்றான். புராதன ஜெர்மானிய வழக்கம் அப்படி என்று அதற்குச் சமாதானமும் சொன்னான். கட்டுக்கதைதான் சட்டம் போலும்! அண்ணன் பெர்த்தோல்ட் ஆகஸ்டு 10-ந் தேதி தூக்கிலிடப்பட்டார். அவருக்காவது சதியில் பங்கு உண்டு. ஒன்றுமறியாத இன்னொரு சகோதரரையும் விடவில்லை. அவர் மனைவி மெலிட்டா விமானப் பரிசோதனையில் நிபுணி. யுத்தத்துக்கு அவள் வேண்டியிருந்தபடியால் மட்டும் விடுதலையானாள்.

கர்னலின் மனைவி நீனா அப்போது கர்ப்பவதி. சதி அவளுக்குத் தெரியும். ஆனால், பிடிபட்டால் தமக்காகப் பரிந்து பேசாமல், குழந்தைகளுக்குத் தாயைக் காப்பாற்றிக் கொடுக்க வேண்டும் என்று கணவர் முன்னரே சொல்லியிருந்தார். எனவே, வீட்டு வேலை தவிர வேறொன்றும் அறியாத பேதை போல அவள் நடித்தாள். பொய் சொன்னாளே என்று குறைகூறுவோர் இருக்கலாம். சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்து பழகிய நாம் அவர்களோடு சேரமாட்டோம். உண்மை பேச உரிமையுள்ள கோர்ட்டிலன்றோ பொய் குற்றமாகும்? ராவென்ஸ்புருக் முகாமில் மாதக்கணக்காகத் தனிச் சிறையிலிருந்து, 1945 ஜனவரியில் காவலிலேயே ஐந்தாவது குழந்தையைப் பெற்றாள்.

பத்து வயது முதல் மூன்று வயது வரையிலான மற்ற நால்வரையும் பாட் ஸாக்ஸாவிலுள்ள ஒரு விடுதியில் வைத்து, "மைஸ்டர்" என்று வேறு குடும்பப் பெயர் சூட்டினார்கள். உயிரை விட்டுவைத்துப் பெயரைக் கொல்வது இம்முறை. 1945 ஏப்ரலில் குழந்தைகளைப் புக்கன்வால்ட் முகாமுக்கு அனுப்பப் புறப்பட்டபோது, வழியில் நோர்ட்ஹவுஸன் ரயில் நிலையம் விமானத் தாக்குதலில் அழிந்தது. பிரயாணம் நின்றது. சில தினங்களில் அமெரிக்கப் படை வந்து சேர்ந்தது.

இவர்கள் பிரபு குலத்தவர். தேடி வந்து அழைத்துப்போக உறவினர் மிஞ்சியிருந்தனர். அதே ஆட்சியில் லட்சக்கணக்கான யூதக் குடும்பங்களுக்குத் தேடவும் ஆளில்லை.

நீனா 2006 வரை வாழ்ந்தாள். மூத்த மகன் புதிய ஜெர்மனியின் ராணுவத்தில், தகப்பனாரின் சொந்தப் பெயரோடு, ஜெனரலானார்.