படம் பிடிக்கலாம், வாலைப் பிடிக்கக் கூடாது!

குட்டீஸ்! 'டிவி'யில் முதலையோடு மல்லுக்கட்டுபவரைப் பார்த்ததும், 'பெரியவனானதும் நானும் இந்த வேலைக்குத்தான் போவேன்' என்று சொல்பவரா நீங்கள்? நல்ல ஆசைதான். ஆனால், அந்த வேலைக்குத் தைரியம் மட்டும் போதாது. எங்கே எட்டி நிற்க வேண்டும் என்பதும் தெரிய வேண்டும்.

ராயபுரம், திருவொற்றியூர் பக்கத்துக் குட்டீஸ்களுக்கு இது சுலபமாகப் புரியும். காசிமேட்டில் திருக்கை மீன் வந்து இறங்குவதைப் பார்த்திருப்பீர்களே! சாட்டை போன்ற அதன் வாலில், ரம்பப் பல் மாதிரி விஷ முள் இருக்கும். ஆனால், திருக்கை யாரையும் தேடி வந்து குத்துவதில்லை. மணலில் புதைந்து கிடக்கும். மிதித்தாலோ, மிரண்டாலோதான் வாலை வீசும். கடலுக்குப் போகும் பெரியவர்களைக் கேளுங்கள். இன்னும் நிறையச் சொல்வார்கள்.

'முதலை வேட்டைக்காரர்' என்று உலகமே கொண்டாடிய ஆஸ்திரேலியாவின் ஸ்டீவ் இர்வின், சிறு வயதிலேயே அப்பாவிடம் முதலை பிடிக்கக் கற்றவர். 2006 செப்டம்பர் 4ம் தேதி, படப்பிடிப்புக்காக ஆழமில்லாத கடலில் ஒரு திருக்கையின் மிக அருகில் நீந்தினார். மிரண்ட திருக்கையின் முள் நெஞ்சில் பாய்ந்து இறந்தார். அப்போது அவருக்கு வயது 44. அவரிடம் இல்லாத தைரியமா? திருக்கை மீதும் தப்பில்லை. இடைவெளி குறைந்தது, உயிர் போனது.

நம் சென்னையைச் சேர்ந்த சேகர் தத்தாத்ரியைப் பாருங்கள். 13 வயதில் சென்னை பாம்புப் பண்ணையில் தொண்டராகச் சேர்ந்தார். முதலில் பாம்புகளைப் பற்றிக் கற்றார், பிறகுதான் கேமரா. அந்தப் பண்ணையைத் தொடங்கிய ராமுலஸ் விட்டேகர், ராஜநாகம் பற்றி எடுத்த படத்துக்கு 1998ல் எம்மி விருது கிடைத்தது. இதுபோன்ற படங்களில் சில விநாடிக் காட்சிக்காக, மறைவிடத்தில் நாள் கணக்கில் காத்திருப்பார்கள். தூரத்தில் இருப்பதைக் கிட்டத்தில் காட்ட 'லென்ஸ்' இருக்கிறது. நாம் கிட்டே போக வேண்டியதில்லை.

ஆனால், மழைக்காலத்தில் வீட்டுப் பக்கம் பாம்பு வந்தால் சிலர் என்ன செய்கிறார்கள்? வாலைப் பிடித்துச் சுழற்றி, மொபைல் போனில் படம் எடுக்கிறார்கள். இது வீரமே இல்லை. 2000 முதல் 2019 வரை, இந்தியாவில் ஆண்டுக்குச் சராசரியாக 58 ஆயிரம் பேர் பாம்புக் கடியால் இறந்திருப்பதாக ஆய்வாளர்கள் மதிப்பிட்டுள்ளனர். பாம்பைக் கண்டால் விலகி நின்று, பெரியவர்களிடம் சொல்லுங்கள். அவர்கள் வனத்துறைக்குத் தகவல் கொடுக்கட்டும்.

இந்தத் தொழிலுக்கு ஆப்பிரிக்கக் காடும், விலை உயர்ந்த கேமராவும் வேண்டுமே என்று மலைக்காதீர்கள். எண்ணூர் கழிமுகத்தில் நண்டும் கொக்கும் இருக்கின்றன. பெரியவர்களோடு போய், கரையில் அரை மணி நேரம் அசையாமல் உட்காருங்கள். எது எப்போது வருகிறது, எதைத் தின்கிறது, எதற்குப் பயப்படுகிறது என்று நோட்டில் எழுதுங்கள். அந்தப் பொறுமை வந்துவிட்டால், பாதித் தொழில் கற்ற மாதிரி!

பாம்பு படம் எடுக்கட்டும், குட்டீஸ். நீங்கள் தள்ளி நின்று படம் எடுங்கள்!