வனத்துப் பெண்கள் கைக்குக் கேமரா போகட்டும்

மலேசியாவின் கோலா சாவா வட்டாரத் தோட்டங்களில் வளர்ந்த நமக்குக் காடு என்றால் பால்மரக் காடு, பிறகு செம்பனைக் காடு. அவற்றுக்கு முன்னே நெகிரி செம்பிலானில் தெமுவான் பூர்வக்குடி மக்கள் நடமாடிய பெருங்காடு இருந்தது. துரைமார் ஏவ அதை வெட்டிச் சாய்த்த கைகளில் நம் பாட்டன் பாட்டியர் கைகளும் உண்டு. பழி அவர்கள்மேல் இல்லை. ஆனால் பூர்வக்குடிகளின் நில வழக்கை யார் வீட்டுக் கதையோ என்று நாம் தள்ளிவைப்பது நியாயமே இல்லை.

1995இல் சிப்பாங் விமான நிலையத்துக்கான நெடுஞ்சாலைக்காகச் சிலாங்கூர் புக்கிட் தம்போய் தெமுவான் மக்களின் நிலம் பறிக்கப்பட்டது. சாகோங் தாசியும் மற்றவர்களும் தொடுத்த வழக்கில் 2002இல் உயர்நீதிமன்றம் அவர்களின் மரபுவழி நில உரிமையை ஏற்றது. 2005இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் உறுதிசெய்தது. சாட்சியச் சட்டத்துக்கு உட்பட்டு வாய்மொழி வரலாற்றையும் ஏற்கலாம் என்றது அந்த 2002 தீர்ப்பு. பட்டா இல்லாதவர்களுக்குக் கிழவிகளின் பேச்சே பத்திரம்!

அந்தப் பத்திரம் மூச்சோடு போய்விடும். கோலா குபு பாரு அருகே பெர்தாக்கைச் சேர்ந்த தெமுவான் பாடகி மினா அங்கோங், 1998இல் சரவாக் மழைக்காட்டு இசை விழாவில் பாடினார். மறு ஆண்டே மறைந்தார். பிறகு அவர் ஊர்ப் பள்ளத்தாக்கில் சிலாங்கூர் அணை எழுந்தது. அவர் பாட்டு பதிவாகி மிஞ்சியது. எத்தனை கிழவிகளின் பாட்டு மிஞ்சவில்லை!

வெளியூர்க் கேமரா வந்தால் ஊதுகுழலையும் நடனத்தையும் எடுத்துக்கொண்டு போகும். பிள்ளை பெற்றவளுக்கு எந்த வேர், பாட்டி நட்ட டுரியான் எது, முன்னோர் புதைந்த மேடு எது என்பதை மகள் கேட்டால்தான் தாய் சொல்வாள். அப்படிக் கேமரா ஏந்திய மகள்கள் உண்டு. கேரளத்து வயநாட்டின் பணியர் பழங்குடிச் சமூகத்து லீலா சந்தோஷ் தம் மக்களின் நிலத்தைப் பற்றி ஆவணப்படம் எடுத்தார். பிரேசிலின் குவாரானி ஆசிரியை பத்ரீசியா ஃபெரேராவும் தம் ஊரைத் தாமே படமாக்குகிறார்.

படம் புல்டோசரை நிறுத்துமா என்பார்கள். கோலா லங்காட் வடக்கு வனத்தில் ஐந்நூறு ஹெக்டருக்கு மேல் காப்புப் பட்டியலிலிருந்து நீக்கப்பட்டது 2021 ஆகஸ்டு இறுதியில் வெளியே தெரிந்தது. தெமுவான் கிராமங்களோடு நாடே குரல் எழுப்பியது. செப்டம்பரில் சிலாங்கூர் அரசு முடிவை மாற்றிக்கொண்டது. ஊர் கண்ணில் பட்டதால் பிழைத்த காடு அது.

ஆகவே தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகம் பூர்வக்குடிப் பெண்களுக்கென ஆண்டுதோறும் தனி நிதி ஒதுக்க வேண்டும். படம் அவர்கள் மொழியில் இருக்கட்டும். பதிவுகளின் உரிமை கிராமத்திடமே நிற்கட்டும். நில அலுவலகங்கள் அப்பதிவுகளைச் சான்றாகப் பரிசீலிக்க வேண்டும்.

நமக்கும் வேலை உண்டு. தோட்டங்கள் துண்டாடப்பட்டு விற்கப்பட்டபோது, லயத்தில் வாழ்ந்ததற்கு நம் பாட்டிமாரிடம் சாட்சியாக என்ன இருந்தது? உயிரோடிருக்கும் பால்வெட்டுப் பாட்டிகளை அவர்கள் பேத்திகள் இப்போதே பதியட்டும். தெமுவான் பெண்களின் படங்களை நம் தமிழ்ப்பள்ளி மண்டபங்களிலும் கோயில் திடல்களிலும் திரையிடுவோம். எடுத்தவர்களையே அழைத்து முன்வரிசையில் உட்காரவைப்போம்.