எண்ணிக்கை வீரர்களே!

விழுப்புரம் பக்கம் மண்டகப்பட்டு போயிருக்கிறீர்களா? செங்கல், மரம், உலோகம், சுண்ணாம்பு எதுவுமே இல்லாமல் ஆக்கியது என்று ஏழாம் நூற்றாண்டில் மகேந்திரவர்மன் கல்வெட்டிலேயே மார்தட்டிக்கொண்ட குடைவரைக் கோயில். வாசலில் இரண்டு துவாரபாலகர்கள். என்ன தோள், என்ன இடுப்பு!

அதற்கு ஆசைப்பட்டுத்தானே ஜிம்முக்குப் பணம் கட்டுகிறோம்? அங்கே நடப்பதென்ன? டம்பெல்லைப் பக்கவாட்டில் தூக்கினால் தோள் காதுவரை ஏறுகிறது. மல்லாந்து படுத்து இடுப்பைத் தூக்கினால், பிட்டம் சும்மா இருக்க, அடிமுதுகு மாங்குமாங்கென்று உழைக்கிறது. கேட்டால், 'ஐம்பது எடுத்தேன் சார்!'

ஐம்பது தடவை தப்பாகச் செய்தால் பலப்படுவது தப்புதான். மகேந்திரவர்மன் செங்கல்லை விட்டார். நீங்கள் வீம்பை விடுங்கள். எடையைப் பாதியாக்கி, வயிற்றை இறுக்கி, நிதானமாகப் பத்து எடுங்கள், போதும். இல்லாவிட்டால் நீங்களும் துவாரபாலகர்தான், எலும்பு டாக்டர் வாசலில்!